காது வழியே அயர்லாந்து: ஐரிஷ் பாட்டையும் இலக்கியத்தையும் புதிதாக அணுகுவோருக்கு ஒரு வழிகாட்டி

அயர்லாந்து இலக்கியத்தைப் படித்துப் பார்க்க வேண்டும் என்று முடிவு செய்கிறவர் பெரும்பாலும் ஜேம்ஸ் ஜாய்ஸின் 'யுலிசீஸ்' நாவலைக் கையில் எடுக்கிறார். மூன்றாம் அத்தியாயத்துக் கடற்கரையில் திசை தெரியாமல் நின்றுவிட்டு, புத்தகத்தை அலமாரியிலேயே திரும்ப வைத்துவிடுகிறார். நானும் அப்படித்தான் மூன்று முறை வைத்தேன். குறை நாவலில் இல்லை. வாசலை விட்டுவிட்டுச் சுவரேறிக் குதிக்கப் பார்த்ததில்தான் இருந்தது. அந்நாட்டில் எழுத்து எப்போதும் பாட்டின் பக்கத்து வீட்டிலேயே குடியிருந்து வந்திருக்கிறது. எழுதியவர்கள் பலர் பிறர் பாடக் கேட்டதை எழுதினார்கள். பாடியவர்கள் பலருக்கு எழுதத் தெரியாது. ஜாய்ஸே நல்ல குரல்வளம் வாய்த்தவர். 1904இல் டப்ளினில் நடந்த ஃபெஷ் கியோல் இசைப்போட்டியில் பாடி வெண்கலப் பதக்கம் பெற்றவர்.

ஆகவே இங்கே சொல்லப்போகும் முறை எளிமையானது: ஒவ்வொரு படியிலும் முதலில் ஒரு பாட்டையோ மெட்டையோ கேட்பது, அதன் பிறகே அதனோடு உறவுள்ள நூலைத் திறப்பது. நாளுக்கு அரைமணி நேரம் ஒதுக்கினால் ஆறேழு மாதங்களில் எல்லாப் படிகளையும் கடந்துவிடலாம். ஆசிரியர் இறந்து அறுபது ஆண்டுகள் கடந்த நூல்களுக்கு இந்தியாவில் பதிப்புரிமை இல்லை என்பதால், யேட்ஸ், ஜாய்ஸ், சிங், கிரெகரி அம்மையார் ஆகியோரின் படைப்புகளை இணையத்தில் காசில்லாமல் படிக்கலாம். காசு கொடுத்து வாங்க வேண்டியவை பெரும்பாலும் பிற்கால மொழிபெயர்ப்புகள்தாம்.

முதற்படி: பெயர்களை வாயால் சொல்லிப் பழகுங்கள்

ஐரிஷ் இலக்கியம் இரண்டு மொழிகளில் இருக்கிறது: ஆங்கிலம், அதற்குப் பல நூற்றாண்டுகள் முன்பே ஏடேறிய ஐரிஷ் மொழி. பின்னதன் சொற்கள் ரோமன் எழுத்தில் எழுதப்பட்டாலும் ஆங்கில ஒலிப்பு அவற்றுக்குப் பொருந்தாது. அங்கே ஹெச் என்ற எழுத்து பெரும்பாலும் தனக்கென ஒலி உடையதன்று. முன்னால் நிற்கும் மெய்யை இளக்குவதற்கான அடையாளம். பி (b) அல்லது எம் (m) என்ற எழுத்தையடுத்து அது வந்தால் இரண்டும் சேர்ந்து 'வ' என்றோ, 'வ'வுக்கும் 'உ'வுக்கும் இடைப்பட்டோ ஒலிக்கும்; எஸ் (s) அல்லது டி (t) எழுத்தையடுத்து வந்தால் வெறும் 'ஹ' ஆகிவிடும். எம், ஹெச் என்று முடிகிற பெண்பெயர் 'நீவ்' என்று ஒலிப்பதும், நடுவில் பி, ஹெச் உள்ள மற்றொன்று 'ஷிவான்' என்று ஒலிப்பதும் இதனால்தான். டியாங்லன் என்னும் இலவச இணைய அகராதியில் ஆயிரக்கணக்கான சொற்களை மன்ஸ்டர், கனாக்ட், அல்ஸ்டர் என்ற மூன்று வட்டார வழக்குகளிலும் பேசிப் பதிந்து வைத்திருக்கிறார்கள். ஒரு பெயரை முதன்முதலாகச் சந்திக்கும்போதே அங்கே கேட்டுவிடுவது நல்லது, ஏனெனில் பெயரைத் தவறாகச் சொல்லிப் பழகிவிட்டால் பாட்டில் அது வரும்போது நம் காதுக்கு அடையாளம் தெரியாது.

நான்கு சொற்களை மட்டும் இப்போதே மனத்தில் இருத்திக்கொள்ளுங்கள். ஷன்-நோஸ் என்பது 'பழைய பாணி', அதாவது பக்கவாத்தியம் இல்லாத தனிக்குரல் பாட்டு. கீனெ என்பது ஒப்பாரி. ஆஷ்லிங் என்பது, அயர்லாந்து ஓர் அழகிய பெண்ணாகக் கவிஞனின் கனவில் தோன்றித் தன் துயரைச் சொல்லும் கவிதை வகை. கேல்டக்ட் என்பது இன்றும் ஐரிஷ் மொழி பேசப்படும் பகுதி. பெரும்பாலும் மேற்குக் கடலோரம்.

இரண்டாம் படி: ஒரே ஒரு பாட்டை நான்கு முறை கேளுங்கள்

புதியவர்கள் இங்கே ஒரு தவறு செய்வதுண்டு. 'செல்டிக் இசை' என்ற பெயரில் மூடுபனிப் படம் போட்ட தொகுப்புகள் ஏராளம். எதிரொலியும் மின்னணு இசைப்பலகையும் கலந்த அந்தக் குழைவான ஓசையை ஐரிஷ் இசை என்று நம்பிவிடுவார்கள். அதை ஒதுக்கிவிட்டு, கானமாராவின் கார்னா ஊரைச் சேர்ந்த ஜோ ஹீனி பாடிய பதிவு ஒன்றைத் தேடுங்கள். 1919இல் பிறந்து 1984இல் மறைந்த அவர், கடைசி ஆண்டுகளில் அமெரிக்காவின் சியாட்டிலில் பல்கலைக்கழக மாணவர்களுக்குப் பாடக் கற்றுக்கொடுத்தார். முதல் கேட்டலில் ஏமாற்றமாக இருக்கலாம். தாளம் இல்லை, சுருதி பிடிக்கக் கருவி இல்லை, குரலில் ஏற்ற இறக்க நாடகமும் இல்லை. உணர்ச்சி முழுவதும் சொல்லின் அசைகளுக்கிடையே சுழலும் சிறு அலங்காரங்களில் இருக்கிறது. ஒவ்வொரு கண்ணியிலும் அந்தச் சுழிப்புகள் இடம் மாறும். கமகம் பழகிய காதுக்கு இது சீக்கிரம் பிடிபடும்.

தொடங்குவதற்கு ஏற்ற பாட்டு 'அனஹ் கூன்'. 1828 செப்டம்பர் 4 அன்று, அன்னாடவுன் பகுதி மக்கள் கால்வே நகரச் சந்தைக்குப் பழைய படகொன்றில் காரிப் ஏரி வழியே புறப்பட்டார்கள். ஆடுகளும் படகில் இருந்தன. ஓர் ஆட்டின் கால் இற்றுப்போன பலகையைத் துளைத்துக்கொண்டு இறங்கியது, ஒருவர் தம் மேற்சட்டையைத் துளையில் திணித்துக் காலால் மிதித்தார், பலகையே பெயர்ந்துவிட்டது. பதினொரு ஆண்களும் எட்டுப் பெண்களும் மூழ்கினர். கண்பார்வையற்ற நாடோடிக் கவிஞர் ராஃப்டரி இதைப் பாட்டாகக் கட்டினார். எனக்கு உடல்நலம் வாய்க்குமானால் அன்னாடவுனில் மூழ்கியவர்களைப் பற்றிய பேச்சு நெடுநாள் நிற்கும் என்று தொடங்கி, காற்றும் மழையும் இல்லாத நல்ல நாளில் ஒரு படகு நிறைய ஆட்கள் அடித்துச் செல்லப்பட்டதைத்தான் அவர் திரும்பத் திரும்பச் சொல்லி மாய்ந்துபோகிறார். புயலில் போயிருந்தால் மனம் ஆறியிருக்கும் என்பது அதன் உட்பொருள்.

முதல் முறை, பொருள் எதையும் பார்க்காமல் கேளுங்கள். இரண்டாம் முறை, மூலத்தையும் மொழிபெயர்ப்பையும் பக்கத்தில் வைத்துக்கொண்டு வரிவரியாகப் பின்தொடருங்கள். மூன்றாம் முறை, வேறொரு பாடகர் பாடியதைக் கேட்டு, எங்கே இருவரும் பிரிகிறார்கள் என்று குறித்துக்கொள்ளுங்கள். நான்காம் முறை, சில நாள் இடைவெளி விட்டு, கண்ணை மூடிக்கொண்டு. பழைய பாடகர்கள் சிலர் கடைசி வரியைப் பாடாமல் பேச்சாகச் சொல்லி முடிப்பார்கள். பாட்டின் மயக்கத்திலிருந்து கேட்பவரை மெல்ல வெளியே கொண்டுவந்து விடுகிற அந்தப் பழக்கத்தை முதன்முதலாகக் கவனிக்கும்போது மெய்சிலிர்க்கும்.

இதற்குரிய நூல் டக்ளஸ் ஹைட் 1893இல் வெளியிட்ட 'கனாக்ட் காதற்பாடல்கள்'. அதே ஆண்டில்தான் அவரும் நண்பர்களும் ஐரிஷ் மொழியை மீட்கக் கேலிக் சங்கத்தை நிறுவினார்கள். பிற்காலத்தில் அயர்லாந்தின் முதல் குடியரசுத் தலைவரான அந்த மனிதர், இளமையில் ராஸ்காமன் கிராமத்தார் வாய்மொழியைக் குறிப்பேட்டில் எழுதிக்கொண்டு திரிந்தவர். ராஃப்டரியின் பாடல்களை 1903இல் தனி நூலாகத் தொகுத்தவரும் அவரே.

மூன்றாம் படி: ஓர் ஒப்பாரியும் சில ஆண்டுகளும்

வரலாறு தெரியாமல் ஐரிஷ் கவிதைக்குள் அதிக தூரம் போக முடியாது. ஆனால் வரலாற்று நூலிலிருந்து தொடங்கினால் அலுப்புத் தட்டும். எனவே ஒரு கவிதையை வைத்துக்கொண்டு அதற்குத் தேவையான ஆண்டுகளை மட்டும் எழுதிக்கொள்ளுங்கள். 1601இல் கின்சேல் போரில் ஐரிஷ் தலைவர்கள் தோற்றார்கள். 1607இல் அவர்களில் முதன்மையானோர் நாட்டைவிட்டுக் கப்பலேறினார்கள். தலைவர்கள் போனதும், தலைமுறை தலைமுறையாக அவர்களைப் பாடிப் பொருள் பெற்ற புலவர் மரபு ஆதரவின்றி நின்றது. 1695 முதல் கத்தோலிக்கர்களுக்கு எதிராகத் தண்டனைச் சட்டங்கள் ஒன்றன்பின் ஒன்றாக வந்தன. அவற்றில் ஒன்று, கத்தோலிக்கர் எவரும் ஐந்து பவுனுக்கு மேல் மதிப்புள்ள குதிரையை வைத்திருக்கக் கூடாது என்றது. ஐந்து பவுனை நீட்டும் புராட்டஸ்டன்ட் ஒருவருக்கு அந்தக் குதிரையைக் கொடுத்துவிட வேண்டும்.

இப்போது கவிதை. ஆஸ்திரியப் படையில் குதிரைப்படைத் தலைவனாக இருந்து கார்க் மாவட்டத்துக்குத் திரும்பிய ஆர்ட் ஓ லேரியிடம் அழகான குதிரை ஒன்று இருந்தது. ஏப்ரகாம் மாரிஸ் என்ற நீதிபதி ஐந்து பவுனுக்கு அதைக் கேட்டார், ஆர்ட் மறுத்தான், பகை முற்றியது, 1773 மே 4 அன்று காரிகனிமா என்ற இடத்தில் அவன் சுட்டுக் கொல்லப்பட்டான். அவனுக்கு வயது இருபத்தாறு. குதிரை மட்டும் இரத்தம் படிந்த சேணத்தோடு வீடு வந்து சேர்ந்தது. மனைவி எய்லீன் டுவ் அதைப் பார்த்து மூன்று பாய்ச்சலில் அதன்மேல் ஏறி, அது போன போக்கில் விரைந்து, ஒரு முட்புதர் அருகில் கணவனின் உடலைக் கண்டாள். பக்கத்தில் ஒரு கிழவி மட்டும் தன் போர்வையை அவன்மேல் போட்டுவிட்டு உட்கார்ந்திருந்தாள். பாதிரியார் இல்லை. வழிந்த இரத்தத்தைத் துடைக்க நிற்காமல் கையில் ஏந்திக் குடித்தேன் என்று எய்லீன் பாடுகிறாள்.

இந்த ஒப்பாரி எழுதப்பட்டதன்று, பாடப்பட்டது. பல ஆண்டுகள் கழித்துத் தொழில்முறை ஒப்பாரிக்காரப் பெண் ஒருவரின் வாயிலிருந்து எழுதி எடுக்கப்பட்டது. நடுவில் ஆர்ட்டின் சகோதரி குறுக்கிட்டு, சாவு வீட்டில் நீ தூங்கப் போய்விட்டாயே என்று குத்திக்காட்டுவதும், குழந்தைகளை உறங்கவைக்கப் போனேன் என்று எய்லீன் திருப்பிக் கொடுப்பதும் அப்படியே கவிதைக்குள் வருகின்றன. ஒப்பாரி வைக்கும் பெண்களுக்கிடையே நடக்கும் இந்த உரசலைப் பார்த்தவர்கள் ஒரு புன்னகையோடுதான் அந்தப் பகுதியைக் கடப்பார்கள். ஃபிராங்க் ஓ'கானர், எய்லீஷ் டில்லன் ஆகியோரின் ஆங்கில மொழிபெயர்ப்புகளில் எது கிடைத்தாலும் முழுவதையும் ஒரே அமர்வில் உரக்கப் படியுங்கள். நானூறு வரிகளுக்குள்தான் இருக்கும். பிடித்துப்போனால், டோரன் நீ கிரீஃபா என்ற இன்றைய கவிஞர் இந்த ஒப்பாரியைத் தேடித் தம் வாழ்வோடு பின்னி எழுதிய 2020ஆம் ஆண்டு நூலை அடுத்து எடுக்கலாம். 17 முதல் 19ஆம் நூற்றாண்டு வரையிலான மற்றக் கவிதைகளுக்கு ஷான் ஓ டூமாவும் தாமஸ் கின்செலாவும் 1981இல் வெளியிட்ட இருமொழித் தொகுப்பே போதும். ஆஷ்லிங் வகைக்கு அதில் ஏகன் ஓ ராஹிலியைப் பாருங்கள்.

குறிப்பேட்டில் இன்னும் ஓர் ஆண்டு சேர வேண்டும்: 1845. அந்த ஆண்டு தொடங்கிய உருளைக்கிழங்கு நோயும் பஞ்சமும் ஏறத்தாழப் பத்து லட்சம் பேரைக் கொன்றன. அதே அளவினர் கப்பலேறினர். மடிந்தவர்களிலும் போனவர்களிலும் பெரும்பங்கினர் ஐரிஷ் பேசிய ஏழைகள். மொழியின் முதுகெலும்பு அதோடு முறிந்தது. பிற்காலப் பாட்டுகளில் கப்பல் ஏன் இத்தனை முறை வருகிறது என்பதற்கு விளக்கம் அதுதான்.

நான்காம் படி: சொல் இல்லாத மெட்டுகள்

1792 ஜூலையில் பெல்ஃபாஸ்ட் நகரில், அழிந்துவரும் யாழிசையைக் காப்பாற்ற ஒரு கூட்டம் கூட்டினார்கள். பத்து ஐரிஷ் யாழ்க்கலைஞர்களும் ஒரு வேல்ஸ்காரரும் வந்தார்கள். அவர்களில் பலர் பார்வையற்றவர்கள். டெனிஸ் ஹெம்சன் என்பவருக்கு வயது தொண்ணூற்றைந்துக்கு மேல். நீள நகங்களால் உலோகத் தந்தியை மீட்டும் பழைய முறை அவரிடம் மட்டுமே எஞ்சியிருந்தது. எட்வர்ட் பண்டிங் என்ற பத்தொன்பது வயது இளைஞர் அவர்கள் வாசித்ததைக் குறித்துக்கொண்டு 1796இல் அச்சிட்டார். தாமஸ் மூர் அந்த மெட்டுகள் பலவற்றுக்கு ஆங்கிலச் சொற்களைப் பொருத்தி 1808 முதல் வெளியிட, அவை இங்கிலாந்தின் வரவேற்பறைகளில் புகழ்பெற்றன. மூரின் சொற்கள் எனக்குச் சர்க்கரை தூக்கலாகவே படுகின்றன. ஆனால் அவர் இல்லாமல் அந்த மெட்டுகளை உலகம் கேட்டிருக்காது.

பண்டிங்குக்கு முந்தைய யாழிசைக்கு டர்லோ ஓ'கேரலனை (1670–1738) கேளுங்கள். அம்மையில் கண்ணிழந்து, வீடு வீடாகக் குதிரையில் சென்று, விருந்தளித்தவரின் பெயரிலேயே மெட்டமைத்தவர். அவர் மெட்டமைத்த ஓ'ரூர்க் விருந்துப் பாட்டை ஐரிஷிலிருந்து ஆங்கிலச் செய்யுளாக்கியவர் வேறு யாருமல்லர், 'கலிவரின் பயணங்கள்' எழுதிய ஜோனதன் ஸ்விஃப்ட். அந்தத் தொடர்பைப் பிடித்துக்கொண்டு ஸ்விஃப்டின் 'ஓர் எளிய யோசனை' (1729) என்ற சிறு நூலை ஒரு மாலையில் படித்துவிடுங்கள். ஏழைகளின் குழந்தைகளைச் செல்வர்களின் உணவாக விற்றால் நாட்டின் வறுமை தீரும் என்று கணக்குப் போட்டு, முகத்தில் சிரிப்பே இல்லாமல் வாதிடும் அந்த எழுத்தைப் போல் சூடான அங்கதம் குறைவு.

நடன மெட்டுகளில் இரண்டை மட்டும் பிரித்தறியக் கற்றால் போதும். ஜிக் என்பது மும்மூன்றாக ஓடும், நம்மவர் திச்ர நடை என்பார்கள். ரீல் என்பது நான்குநான்காக ஓடும். பெரும்பாலும் எட்டுத் தாள அளவுகள் கொண்ட இரண்டு பகுதிகள், ஒவ்வொன்றும் இருமுறை. பொதுவாக அவ்வளவுதான் இலக்கணம். வாசிப்பவரின் திறமை முழுவதும் திரும்ப வாசிக்கும்போது என்ன மாற்றுகிறார் என்பதில் இருக்கிறது. இவற்றைப் பெருமளவில் அச்சேற்றியவர் சிகாகோ காவல்துறைத் தலைவராக இருந்த ஃபிரான்சிஸ் ஓ'நீல். கார்க் மாவட்டத்தில் பிறந்த அவர் 1903இல் வெளியிட்ட தொகுப்பில் 1850 மெட்டுகள் உள்ளன.

எப்போதாவது அயர்லாந்துக்குப் போய் மதுக்கடையில் நடக்கும் வாசிப்புக் கூட்டத்தில் அமர நேர்ந்தால், வாசிப்பவர்களுக்குரிய நாற்காலியில் உட்காராதீர்கள். கேட்காமல் பதிவு செய்யாதீர்கள். ஒருவர் பாடத் தொடங்கினால் கைதட்டித் தாளம் போடாமல் பேச்சை நிறுத்திவிடுங்கள். 'டேனி பாய்' பாடச் சொல்லிக் கேட்பதும் வேண்டாம். அதன் மெட்டை லிமவாடி ஊரைச் சேர்ந்த ஜேன் ராஸ் தந்து 1855இல் மெட்டுத் தொகுப்பாளர் ஜார்ஜ் பெட்ரி அச்சிட்டார். சொற்களோ 1913இல் வெளிவந்தவை, எழுதியவர் ஃபிரெட் வெதர்லி என்னும் ஆங்கிலேய வழக்கறிஞர்.

ஐந்தாம் படி: மாட்டுக்காக ஒரு போர்

இனிப் பழங்கதைக்குப் போகலாம். 'டாயின்' என்று சுருக்கமாக அழைக்கப்படும் கூலி என்னும் இடத்து மாட்டுக்கவர்தல் கதையின் பழைய வடிவம் 1100ஆம் ஆண்டையொட்டி எழுதப்பட்ட சுவடியிலும், நிறைவான வடிவம் 12ஆம் நூற்றாண்டின் லென்ஸ்டர் சுவடியிலும் கிடைக்கின்றன. மேவ் என்னும் அரசியும் அவள் கணவன் அலிலும் படுக்கையில் கிடந்தபடி யாருக்குச் சொத்து அதிகம் என்று வாதாடுகிறார்கள். பாத்திரங்கள், நகைகள், ஆடுகள், குதிரைகள் எல்லாம் கொண்டுவந்து எண்ணப்படுகின்றன. சமமாகவே நிற்கிறது, ஒரு வெள்ளைக் கொம்புக் காளையைத் தவிர. அதற்கு ஈடான காளை அல்ஸ்டரில் இருக்கிறது. அதைக் கவரப் படை கிளம்புகிறது. ஒரு சாபத்தால் அல்ஸ்டர் வீரர்கள் படுத்துக் கிடக்க, கூ ஹுலின் என்ற பதினேழு வயது இளைஞன் ஒருவனே எல்லையில் நின்று தடுக்கிறான்.

பெண்ணியம், நகைச்சுவை, குரூரம் எல்லாம் கலந்த இந்தக் கதையில் புதியவர்கள் நேரே படிக்க வேண்டிய இடம் ஆற்றுத்துறைச் சண்டை. கூ ஹுலினுக்கு எதிராக அனுப்பப்படும் ஃபெர்டியா அவனோடு ஒரே ஆசானிடம் பயின்ற உடன்பிறவாச் சகோதரன். பகலெல்லாம் வெட்டிக்கொள்கிறார்கள், மாலையில் கட்டித் தழுவுகிறார்கள், இருவரின் குதிரைகளும் ஒரே பட்டியில் நிற்கின்றன, ஒருவன் மருந்து மூலிகை அனுப்ப மற்றவன் உணவு அனுப்புகிறான். நாள் செல்லச் செல்லத் தழுவல் நின்றுபோகிறது. முடிவில் நண்பனைக் கொன்று தோளில் சுமந்து கரையேறும் கூ ஹுலின் பாடும் புலம்பல், உரைநடைக்கு நடுவே செய்யுளாக வருகிறது. தாமஸ் கின்செலாவின் 1969 மொழிபெயர்ப்பு மூலத்தின் கரடுமுரடைக் காப்பாற்றுகிறது; சியரன் கார்சனின் 2007 மொழிபெயர்ப்பு சரளமானது. நான் முன்னதையே சொல்வேன்.

லென்ஸ்டர் சுவடியில் கதை முடிந்த இடத்தில் எழுத்தர் இரண்டு குறிப்புகள் எழுதியிருக்கிறார். இதை வடிவம் மாற்றாமல் மனப்பாடம் செய்பவருக்கு ஆசி என்று ஐரிஷில் ஒன்று. இந்தக் கட்டுக்கதையை எழுதிய நான் இதில் பலவற்றை நம்பவில்லை என்று இலத்தீனில் இன்னொன்று.

ஆறாம் படி: ஓரக்குறிப்புகளிலிருந்து சிந்தனை மரபுக்கு

அந்த எழுத்தரைப் போன்றவர்கள்தாம் ஐரிஷ் அறிவு மரபின் அடித்தளம். சுவிட்சர்லாந்தின் சாங்க்ட் காலன் மடத்தில் 9ஆம் நூற்றாண்டு இலத்தீன் இலக்கணச் சுவடி ஒன்று இருக்கிறது. ஐரிஷ் துறவிகள் வரிகளுக்கிடையே ஆயிரக்கணக்கான சொற்பொருள் குறிப்புகளைத் தம் மொழியில் எழுதினார்கள்; ஓரத்தில் மனத்தில் பட்டதையும் எழுதினார்கள். இன்றிரவு காற்று கடுமையாக வீசுகிறது, கடலின் வெண்கூந்தலைக் கலைக்கிறது, ஆகவே வடநாட்டுக் கொள்ளையர் வருவர் என்ற அச்சமில்லை என்று நான்கு வரிக் கவிதை ஒன்று. இன்னோர் ஓரத்தில், நேற்றைய மதுவின் தலைவலியைக் குறிக்கும் ஒற்றைச் சொல், ஓகம் என்னும் பழைய கோட்டெழுத்தில். ஆஸ்திரியாவில் உள்ள மற்றொரு சுவடியில், தன் பூனை எலி பிடிப்பதையும் தான் பொருள் பிடிப்பதையும் ஒப்பிடும் துறவியின் 'பாங்கூர் பான்' கவிதை இருக்கிறது; எட்டே கண்ணிகள், இன்றே படித்துவிடலாம்.

இந்த வரியிடைக் குறிப்புகளை வைத்தே பவேரியாவின் மொழியறிஞர் ஸாய்ஸ் 1853இல் கெல்ட்டிய (செல்டிக்) மொழிகளின் ஒப்பிலக்கணத்தை எழுதினார். அதற்கு மூன்றாண்டுகள் கழித்துத் திராவிட மொழிகளின் ஒப்பிலக்கணத்தை வெளியிட்ட கால்டுவெல் பிறந்ததும் அயர்லாந்தின் ஆண்ட்ரிம் மாவட்டத்தில்தான், பெற்றோர் ஸ்காட்லாந்துக்காரர்கள். இதைவிட வியப்பானவர் டப்ளின்காரரான விட்லி ஸ்டோக்ஸ். 1862இல் சென்னைக்கு வழக்கறிஞராக வந்து, பின்னர் வைஸ்ராய் ஆட்சிக்குழுவின் சட்ட உறுப்பினராகி, 1882ஆம் ஆண்டின் ஈஸ்மென்ட் சட்டம் உள்ளிட்டவற்றை வரைந்தவர். பக்கத்து நிலத்தில் பாதை உரிமை கேட்டு இன்றும் நம் ஊர் நீதிமன்றங்களில் வாதிடப்படும் சட்டம் அது. அலுவல் முடிந்த நேரத்தில் அவர் பழைய ஐரிஷ் உரைகளைப் பதிப்பித்தார்; சிலவற்றைக் கல்கத்தாவிலேயே அச்சிட்டார்.

அயர்லாந்தின் பழஞ்சட்டங்களும் சுவையானவை. பிரெஹன் எனப்பட்ட நடுவர்களின் சட்ட நூல்களில் தேனீக்களுக்கென்றே ஒன்று உண்டு: உன் தேனீ என் பூவில் தேனெடுத்தால் அது அத்துமீறல், பரிகாரமாகக் காலப்போக்கில் எனக்கு ஒரு கூட்டம் தேனீ வந்து சேர வேண்டும். வாங்கிய கடனைத் திருப்பித் தராதவன் வாசலில் உண்ணாமல் உட்காரும் வழக்கமும் அதில் உண்டு. 1875இல் சட்ட அறிஞர் ஹென்றி மெய்ன் அதை இந்தியாவின் தர்ணாவோடு ஒப்பிட்டு எழுதினார்.

தத்துவத்தில் பார்க்லியைப் பிறகு பார்த்துக்கொள்ளலாம். முதலில் எட்மண்ட் பர்க். டப்ளினில் பிறந்த பர்க் 1785 பிப்ரவரி 28 அன்று பிரிட்டிஷ் நாடாளுமன்றத்தில் ஆற்காட்டு நவாபின் கடன்கள் பற்றிப் பேசினார். கிழக்கிந்தியக் கம்பெனி ஊழியர்கள் நவாபுக்கு வட்டிக்குக் கொடுத்த பணம் எப்படி, அன்று கர்நாடகம் எனப்பட்ட ஆற்காட்டுச் சீமையின் உழவர்களைப் பிழிந்தது என்று கணக்கோடு காட்டும் அந்தப் பேச்சில், ஹைதர் அலியின் படை மலையோரத்தில் கருமேகம் போல் திரண்டு சமவெளியில் கொட்டிய காட்சி வரும். காவிரிக்கும் பாலாற்றுக்கும் இடைப்பட்ட ஊர்க்காரர் அதை வெறும் அரசியல் உரையாகப் படிக்க முடியாது.

ஏழாம் படி: யேட்ஸ், சிங், ஒரு மாடிப்படி

இப்போது ஆங்கிலத்தில் எழுதிய மறுமலர்ச்சிக்காரர்களிடம் வரலாம். யேட்ஸின் 'சாலித் தோட்டத்தருகே' (1889) என்ற சிறு பாட்டிலிருந்து தொடங்குங்கள். ஸ்லைகோ மாவட்டத்து பாலிசடேர் கிராமத்தில் ஒரு கிழவி அரைகுறை நினைவாகப் பாடிய மூன்று வரிகளிலிருந்து அதைக் கட்டியதாக அவரே குறிப்பு எழுதியிருக்கிறார். பிறகு 1904இல் அவரும் கிரெகரி அம்மையாரும் திறந்த அபி நாடக அரங்கின் நாடகங்களில் ஜே. எம். சிங்கின் 'கடலை நோக்கிச் செல்வோர்' போதும். ஓர் அங்க நாடகம், அரன் தீவுத் தாய் ஒருத்தி ஒவ்வொரு மகனாகக் கடலுக்குக் கொடுத்துவிட்டு, இனிக் கடல் தனக்கு எதுவும் செய்ய முடியாது என்று அமைதியடைவது.

அதன் பின் ஜாய்ஸ், ஆனால் நாவல் அல்ல. 1914இல் வந்த 'டப்ளினர்கள்' தொகுப்பின் பதினைந்தாவது கதையான 'இறந்தவர்கள்'. படிக்குமுன் 'ஆக்ரிம் பெண்' என்ற கதைப்பாடலைக் கேளுங்கள்: கைக்குழந்தையோடு மழையில் நனைந்தபடி ஒரு பெண் பிரபுவின் கதவைத் தட்டுகிறாள். கதையில் விருந்து முடிந்து எல்லோரும் கிளம்பும் நேரம், மேல்மாடியில் யாரோ அந்தப் பாட்டைப் பாட, மாடிப்படியின் நிழலில் மனைவி கிரெட்டா அசையாமல் நின்று கேட்பதைக் கணவன் கேப்ரியல் கீழிருந்து பார்க்கிறான். எத்தனை அழகு என்று அவன் மனம் பொங்குகிறது. அவள் கேட்டுக்கொண்டிருப்பதோ, சிறுவயதில் அந்தப் பாட்டைத் தனக்குப் பாடி, மழையில் தன் சன்னலுக்கு வெளியே வந்து நின்று, பின் இறந்துபோன ஒரு பையனை. பாட்டை முன்பே கேட்டவருக்குக் கதவும் மழையும் அவளுடைய நினைவில் திரும்ப வருவது உடனே தெரியும். கேட்காதவர் அதைத் தவறவிடுவார்.

எட்டாம் படி: தீவும் கல்லறையும்

'போர்ட் ந பூகீ' என்ற மெட்டை வயலினிலோ கைத்துருத்திப் பெட்டியிலோ கேளுங்கள். அயர்லாந்தின் தென்மேற்குக் கடலோரத்துப் பிளாஸ்கெட் தீவுக்காரர்கள் அதைத் தேவதைகளிடமிருந்து பெற்றதாகச் சொல்வார்கள். கடலடியில் ஒலித்த திமிங்கலக் குரல் என்பாரும் உண்டு. அதைப் பற்றி ஷேமஸ் ஹீனி எழுதிய குறுங்கவிதை 1969இல் வந்த அவருடைய இரண்டாம் தொகுப்பில் இருக்கிறது. கையோடு, அதே தீவில் வாழ்ந்த மீனவர் தொமாஸ் ஓ குரோஹன் 1929இல் வெளியிட்ட தன்வரலாற்றைப் படியுங்கள். ராபின் ஃப்ளவரின் மொழிபெயர்ப்பு நல்லது. பிள்ளைகளின் சாவையும் பிடிபட்ட மீனின் அளவையும் ஒரே தொனியில் சொல்லிச் செல்லும் நடை. 1953இல் அத்தீவிலிருந்து கடைசிக் குடும்பங்களும் வெளியேற்றப்பட்டன.

அந்தச் சோகத்திலேயே தங்கிவிடாதிருக்க மார்ட்டீன் ஓ கைனின் 'கிரே நா கில்லே' (1949) இருக்கிறது. பாத்திரங்கள் அனைவரும் கானமாராக் கல்லறையில் கிடக்கும் பிணங்கள். முழு நாவலும் அவர்களின் பேச்சு. புதிதாகப் புதைக்கப்பட்ட கத்ரீனாவின் முதற்கவலை, தன்னை ஒரு பவுன் இடத்தில் புதைத்தார்களா, பதினைந்து ஷில்லிங் இடத்திலா என்பதுதான். ஆங்கிலத்தில் இது அச்சாக 2015 வரை காத்திருக்க வேண்டியிருந்தது. யார் பேசுகிறார்கள் என்று சொல்லப்படுவதில்லை. தெருத்திண்ணைச் சண்டையைச் சுவருக்கு இந்தப் பக்கம் இருந்து கேட்பவரைப் போல, குரலை வைத்தே ஆளைக் கண்டுபிடிக்க வேண்டும். இதுவரை காதைப் பழக்கியதன் பலன் இங்கே தெரியும்.

இந்த நேரத்தில் தூகஸ் என்னும் இணையதளத்தையும் ஒருமுறை திறந்து பாருங்கள். 1937 முதல் 1939 வரை ஐயாயிரம் பள்ளிகளின் குழந்தைகள் தம் பாட்டிகளிடமும் அண்டை வீட்டாரிடமும் கேட்டு எழுதிய கதைகள், வைத்தியங்கள், பாட்டுகள் எல்லாம் அவர்களின் கையெழுத்திலேயே அங்கு உள்ளன. ஏதேனும் ஒரு கிராமத்தைத் தேர்ந்து பத்துப் பக்கம் படித்தால் போதும்.

ஒன்பதாம் படி: அலமாரியில் வைத்த புத்தகம்

இனி 'யுலிசீஸ்' நாவலை எடுக்கலாம், ஆனால் முதல் பக்கத்திலிருந்து அல்ல. பதினோராம் அத்தியாயத்தைத் திறப்பதற்கு முன் 'கிராப்பி பையன்' என்ற கதைப்பாடலைக் கேளுங்கள். பிரிட்டிஷ் ஆட்சிக்கு எதிரான 1798 கிளர்ச்சியில் தந்தையையும் சகோதரர்களையும் இழந்த ஓர் இளைஞன், போருக்குப் போகுமுன் பாவமன்னிப்புக் கேட்கப் பாதிரியார் வீட்டுக்கு வருகிறான். ஒருமுறை கல்லறையைக் கடந்துபோகையில் தாயின் ஆன்மாவுக்காக வேண்ட மறந்தேன் என்பது அவன் சொல்லும் பாவங்களில் ஒன்று. நாற்காலியில் அங்கி போர்த்தி அமர்ந்திருப்பவர் பாதிரியார் அல்லர், வேடமிட்ட படைத்தலைவன். பையனைத் தூக்கிலிடுகிறார்கள்.

அத்தியாயத்தில் ஆர்மண்ட் விடுதியில் பென் டாலர்ட் தன் கனத்த குரலில் இதைப் பாடுகிறார். ஜாய்ஸ் பாட்டின் வரிகளை நேராகத் தராமல், குடிப்பவர்களின் பேச்சு, தெருவில் தட்டிவரும் குருடரின் கோல், நாவலின் நாயகன் ப்ளூமின் எண்ணங்கள் ஆகியவற்றுக்கிடையே துண்டு துண்டாகச் சிதறியிருக்கிறார். அத்தியாயத்தின் முதல் இரண்டு பக்கங்கள் புரியாத சொற்குவியலாகத் தோன்றும். கச்சேரிக்கு முன் கலைஞர்கள் சுருதி சேர்ப்பதாக எண்ணிக்கொண்டு வாய்விட்டுப் படித்துக் கடந்துவிடுங்கள், அந்தச் சொற்கள் எல்லாம் பின்னால் உரிய இடத்தில் வந்து சேரும். பாட்டு முடிவதற்குள் ப்ளூம் எழுந்து வெளியேறிவிடுகிறார். நீங்கள் டாலர்டுக்குக் கைதட்டல் விழும்வரை இருந்துவிட்டு, அதன் பிறகு முதல் அத்தியாயத்துக்குத் திரும்புங்கள்.